மண்டபத்துக்கு வைஃபை வாங்கப் போகும் சகோதரிகளுக்கு



வரக்காப்பொல, கலிகமுவ, றுவன்வெல்ல பக்கத்துத் தோட்டங்களில் மாதர் சங்கக் கூட்டங்களுக்குப் போகும்போது இப்போது என்னிடம் அதிகமாகக் கேட்கப்படுவது சீட்டுப் பணத்தைப் பற்றியோ அடையாள அட்டையைப் பற்றியோ அல்ல. "மிஸ், எங்க மண்டபத்துக்கு வைஃபை போடப் போறோம். எந்தப் பெட்டி நல்லது?" என்பதுதான் கேள்வி. கேட்கும்போதே கடையில் கொடுத்த துண்டுக் கடதாசி ஒன்றையும் நீட்டுவார்கள். அதில் ஒரு பெரிய தொகை எழுதியிருக்கும். "மண்டபம் பெரிசுங்கிறதால எட்டுக் கொம்பு உள்ளதுதான் சரிவருமாம், கடைக்காரத் தம்பி சொல்றாரு" என்பார்கள்.

அந்தத் தொகை ஒரு சங்கம் ஒன்றரை, இரண்டு வருடமாகச் சேர்த்த பணம். மாதச் சந்தா, தீபாவளிக்குப் பலகாரம் சுட்டு விற்றது, பால் வெட்டி வந்த களைப்போடு கூட்டத்துக்கு வந்து கொடுத்த நூறு ரூபாய்கள் என்று சேர்ந்தது. அது வீணாகக் கூடாது என்பதற்காகவே இந்த மாதம் இதைப் பற்றி எழுதுகிறேன். இது ஆண்பிள்ளைகளின் சமாச்சாரம் என்று பக்கத்தைப் புரட்டிவிடாதீர்கள். இதில் விளங்காதது ஒன்றுமே இல்லை.

எதற்காக இந்த வைஃபை என்று சங்கத்து அக்காமார் யாரையும் கேட்டுப் பாருங்கள். பிள்ளைகளின் படிப்பு என்பார்கள். 2020 மார்ச்சில் கொரோனாவுக்காகப் பாடசாலைகள் மூடப்பட்டபோது பட்ட பாடு எவருக்கும் மறக்கவில்லை. ஒரு வீட்டில் ஒரு போன், அதுவும் அப்பா வேலைக்குக் கொண்டுபோய்விடுவார். அவர் திரும்பி வரும்போது வகுப்பு முடிந்திருக்கும். போன் இருந்தாலும் லயத்துக்குள் சிக்னல் இல்லை. 2021இல் ஊவாப் பக்கத்தில் பொஹிட்டியாவ கிராமத்துப் பிள்ளைகள் சிக்னல் பிடிக்கப் பாறை உச்சிக்கு ஏறியதும், லுணுகலையில் காட்டு மலைமேல் மரத்தில் கட்டிய குடிலில் இருந்து படித்ததும் வெளிநாட்டுச் செய்திகளில்கூட வந்தது. நம் பக்கத்திலும் றப்பர் மலைக்கு மேலே ஒரு கல், அதில் குடையோடு நாலு பிள்ளைகள் என்று எத்தனையோ இடங்கள் இருந்தன. அந்தக் கற்களில் ஏறியவர்களில் பெண் பிள்ளைகள் குறைவு. பொழுது சாய்ந்த பிறகு மகளை மலைக்கு அனுப்ப எந்தத் தாய்க்கும் மனம் வராது. அதனால்தான் கூரை உள்ள, விளக்கு உள்ள, நம் கண் படுகிற ஒரு மண்டபத்துக்கு இந்த வசதி வருவது பெரிய காரியம் என்று நான் நினைக்கிறேன்.

சரி, பெட்டிக்கு வருவோம்.

கடைக்காரர் கேட்பது "மண்டபம் எவ்வளவு பெரிசு?" என்று. அவர் கேட்க வேண்டிய முதல் கேள்வி அது அல்ல. நமது தோட்ட மண்டபங்கள் அநேகமாக 40 அடி, 50 அடி நீளம், 20, 25 அடி அகலம். உள்ளே தடுப்புச் சுவர் கிடையாது. தடையில்லாத அந்த ஒரு அறைக்குள் ஒரு மூலையிலிருந்து மறுமூலைக்கு எட்டச் சாதாரண ரவுட்டர் ஒன்றே போதும். மூன்று அறையும் கொங்கிறீற் சுவரும் உள்ள வீட்டைவிட ஒரே வெளியாக இருக்கும் மண்டபம் வைஃபைக்குச் சுலபமான இடம். ஆகவே "பெரிய அறை, பெரிய பெட்டி" என்ற கணக்கை விட்டுவிடுங்கள். "எத்தனை பேர் ஒரே நேரத்தில்?" என்பதும், "மண்டபத்துக்குள் வந்து சேரும் இணைப்பு எவ்வளவு?" என்பதும்தான் கேட்க வேண்டிய கேள்விகள்.

லயத்துக்குப் பொதுவான தண்ணீர்ப் பீலியை நினைத்துப் பாருங்கள். வைஃபையும் அப்படித்தான். ஒரு அலைவரிசையில் ஒரு நேரத்தில் ஒரு கருவிதான் பேச முடியும், மற்றவை காத்திருக்க வேண்டும். ஒவ்வொன்றும் விநாடியில் ஆயிரத்தில் ஒரு பங்கு நேரத்தில் பிடித்துக்கொண்டு விலகுவதால் எல்லோரும் ஒன்றாகப் பிடிப்பதுபோல நமக்குத் தோன்றுகிறது. ஐந்து பேர் என்றால் வரிசை ஓடிவிடும். முப்பது பேர் என்றால் சண்டைதான். அதிலும் வாய் குறுகலான குடத்தோடு ஒருவர் வந்துவிட்டால் அவர் நிரப்பி முடிக்கும்வரை பின்னால் உள்ள அத்தனை பேரும் நிற்க வேண்டும். பழைய போன் ஒன்று தூரத்து மூலையில், கதவுக்கு வெளியே இருந்து மெதுவாக இழுத்துக்கொண்டிருந்தால் உள்ளே உள்ள புதிய போன்களும் சேர்ந்து மெதுவாவது இதனால்தான். பீலிக்கு எத்தனை குழாய் வைத்தாலும் மலையிலிருந்து வரும் தண்ணீர் ஒரு விரல் பருமன் என்றால் அவ்வளவுதான். எட்டுக் கொம்பு வைத்தாலும் உள்ளே வரும் டேட்டா பெருகாது.

ஆகவே பெட்டி வாங்குவதற்கு முன் ஊற்றைப் பாருங்கள். கண்டி வீதியை ஒட்டி, ஃபைபர் கம்பி வரும் இடமானால் யோசிக்காமல் அதையே எடுங்கள். அப்போது ரவுட்டரும் அநேகமாக இணைப்போடு சேர்ந்தே வரும். அதை ஒரு மாதம் பாவித்துப் பார்த்த பிறகு வேறு பெட்டி தேவையா என்று முடிவெடுக்கலாம். தோட்டத்துக்குள் உள்ள மண்டபம் என்றால் பெரும்பாலும் சிம் போடும் 4ஜி ரவுட்டர்தான் வழி. எந்த நிறுவனத்து சிம் என்று விளம்பரத்தைப் பார்த்துத் தீர்மானிக்க வேண்டாம். சங்கத்தில் வேறு வேறு சிம் வைத்திருக்கும் மூன்று நாலு பேர் மண்டபத்துக்கு வந்து, வேகம் பார்க்கும் பக்கத்தைப் போனில் திறந்து எழுதிக்கொள்ளுங்கள். இரண்டு மூன்று நாட்களுக்கு இரவு ஏழு மணிக்கும் எட்டு மணிக்கும் பாருங்கள். காலை பத்து மணிக்குப் பார்த்தால் எல்லாமே பறக்கும். ஊரெல்லாம் போனைத் திறக்கும் நேரத்தில் என்ன கிடைக்கிறதோ அதுதான் உங்கள் பிள்ளைகளுக்குக் கிடைக்கப் போவது. ஒவ்வொரு ஜன்னலருகிலும் பாருங்கள். கோபுரம் இருக்கும் திசை ஜன்னலுக்கும் மற்றதற்கும் பாதிக்குப் பாதி வித்தியாசம் வரும் இடங்கள் உண்டு.

றப்பர் தோட்டத்துக்காரருக்கு இன்னொரு விஷயம். ஜனவரி, பெப்ரவரியில் றப்பர் இலை உதிர்ந்து மரம் மொட்டையாக நிற்கும் அல்லவா? அந்த நேரத்தில் சோதித்துப் பார்த்தவர்கள் "நல்ல சிக்னல்" என்று வாங்கிவிட்டு, மார்ச்சில் புது இலை தழைத்ததும் சிக்னல் குறைந்துவிட்டது என்று வருத்தப்படுவார்கள். பச்சை இலையில் உள்ள தண்ணீர் அலையை உறிஞ்சிக்கொள்ளும். மழையில் நனைந்த இலை என்றால் இன்னும் மோசம். எனவே இலை தழைத்த காலத்தில், முடிந்தால் மழை நாளில் சோதிப்பது நல்லது. சிக்னல் மிகவும் பலவீனமான இடங்களில் கூரைக்கு மேல் வைக்கும் வெளி அன்ரெனா உதவும். அதைப் பொருத்தும் துவாரம் பெட்டியில் இருக்கிறதா என்று வாங்கும்போதே பாருங்கள். ஒன்றுமே எட்டாத பள்ளத்தாக்குகளுக்கு, 2025 ஜூலையில் இலங்கையில் சேவையை ஆரம்பித்த ஸ்டார்லிங்க் செய்மதி இணைப்பு இருக்கிறது. ஆனால் அதன் செலவு ஒரு சிறிய சங்கத்துக்குத் தாங்காது. அதன் தட்டுக்கு வானமும் திறந்திருக்க வேண்டும். நாலு பக்கமும் மரம் மூடிய மண்டபத்தில் அதுவும் முரண்டு பிடிக்கும்.

இனி ஆள் கணக்கு. ஒரு பிள்ளை தன் போனில் வீடியோ வகுப்பு ஒன்றைப் பார்த்தால் விநாடிக்குச் சுமார் இரண்டு மெகாபிட் வேகம் வேண்டும், மணித்தியாலத்துக்குச் சுமார் ஒரு ஜிபி டேட்டா போகும் என்று உத்தேசமாக வைத்துக்கொள்ளலாம். இருபது பிள்ளைகள் தனித்தனியாகப் பார்த்தால் ஒரு மணித்தியாலத்தில் 20 ஜிபி. மாதத்தில் இருபது நாள் என்றால் 400 ஜிபி. இந்தக் கணக்கைக் கூட்டத்தில் கரும்பலகையில் எழுதிக் காட்டினால் பொருளாளர் அக்காவுக்கு வியர்த்துவிடும். அதே வகுப்பை ஒரு பெரிய டிவியிலோ புரொஜெக்டரிலோ போட்டு இருபது பேரும் பார்த்தால் மாதத்துக்கு 20 ஜிபிதான். எட்டுக் கொம்புப் பெட்டிக்கு வைத்திருந்த பணத்தில் பாதியைப் போட்டுப் பாவித்த டிவி ஒன்று வாங்கினால் அது பிள்ளைகளுக்கு அதிகம் உதவும் என்பது என் அபிப்பிராயம்.

ஒரு இணைப்பைப் பலர் பங்கிடுவது நமக்குப் புதிதல்ல. 1990களின் இறுதியில் கொத்மலை சமூக வானொலியில் யுனெஸ்கோ உதவியோடு இதைச் செய்து காட்டினார்கள். நேயர்கள் கேள்வி கேட்பார்கள். நிகழ்ச்சி நடத்துபவர் நிலையத்தில் இருந்த கணினியில் தேடி, விடையை வானொலியில் சொல்வார். போனே இல்லாத வீடுகளுக்கும் இணையத்தில் உள்ள செய்தி போய்ச் சேர்ந்தது. 2006இல் அனுராதபுர மாவட்டத்து மஹவிலச்சிய என்ற விவசாயக் கிராமத்தில் ஹொரைசன் லங்கா என்ற பிள்ளைகளின் கல்வி நிறுவனம் முன்னின்று, வீட்டுக்கு வீடு கம்பியில்லாமல் இணைப்பைப் பகிர்ந்துகொள்ளும் வலையை அமைத்தது. அரசாங்கமும் அதே காலத்தில் நெனசல என்ற பெயரில் ஊர்தோறும் இணைய நிலையங்களைத் திறந்தது. அவற்றில் சில நன்றாக நடந்தன, சில கதவு பூட்டியே கிடந்தன. என் பார்வையில், யாரிடம் சாவி இருக்கிறது, எத்தனை மணிக்குத் திறக்கிறார்கள், உள்ளே போகப் பெண் பிள்ளை கூச்சப்படுகிறாளா என்பவைதான் பெரும்பாலும் இதைத் தீர்மானித்தன.

இத்தனையும் பார்த்த பிறகு கடைக்குப் போகலாம். கடையில் கேட்க வேண்டியவை சில.

ஒரே நேரத்தில் எத்தனை கருவிகளைத் தாங்கும் என்று கேளுங்கள். கைக்குள் அடங்கும் சிறிய பொக்கற் ரவுட்டர்கள் பத்துப் பேருக்கு மேல் தாங்குவது கஷ்டம். மேசையில் வைக்கும் 4ஜி பெட்டிகள் பலவற்றில் 32 வரை என்று எழுதியிருக்கும். பெட்டியில் எழுதிய எண்ணில் பாதியை நம்பலாம் என்பது என் கணக்கு. இருபது பிள்ளைகள் தனித்தனிப் போனோடு வருவார்கள் என்றால் சிம் பெட்டியின் வைஃபையை மட்டும் நம்பாமல், அதிலிருந்து கம்பி இழுத்துத் தனி வைஃபைப் பெட்டி ஒன்றைப் போடுவது நல்லது. அதற்குச் சிம் பெட்டியின் பின்னால் கம்பி செருகும் துவாரம் இருக்க வேண்டும்.

இரண்டு அலைவரிசை உள்ளதா என்று கேளுங்கள். 2.4 கிகாஹேட்ஸ் தூரம் போகும், சுவரையும் ஓரளவு தாண்டும். ஆனால் நெருக்கடியான பாதை. அதில் ஒன்றுக்கொன்று மோதாத தடங்கள் மூன்றுதான்: 1, 6, 11. மைக்ரோவேவ் அடுப்பும் புளூடூத்தும் அதே பாதையில்தான். 5 கிகாஹேட்ஸ் தூரம் குறைவு, வேகம் அதிகம், தடங்களும் நிறைய. ஒரே அறைக்கு இது நன்றாகப் பொருந்தும். இரண்டும் இருந்தால் பழைய போன்கள் 2.4இலும் புதியவை 5இலும் ஏறிக்கொள்ளும். பெட்டியில் வைஃபை 5, வைஃபை 6 என்று எழுதியிருப்பது தலைமுறைக் கணக்கு. 6 என்பது பலர் கூடும் இடத்தில் வரிசையை ஒழுங்காக நடத்துவதற்காகவே திருத்தப்பட்டது. அதனால் விலை வித்தியாசம் சிறிதென்றால் 6ஐ எடுங்கள். பெரிதென்றால் விடுங்கள். பிள்ளைகளின் பழைய போன்களுக்கு அந்தப் பாஷை தெரியாது, அவற்றுக்கு 5உம் 6உம் ஏறக்குறைய ஒன்றுதான்.

கொம்புகளைப் பற்றி. அலையை எவ்வளவு பலமாக வீசலாம் என்பதற்கு ஒவ்வொரு நாட்டிலும் சட்டத்தில் எல்லை உண்டு. கொம்பு கூடினால் அந்த எல்லை கூடிவிடாது. சில பெட்டிகளில் அவை அழகுக்கும் சேர்த்துத்தான். நம் நாட்டில் விற்கும் பெட்டிக்குத் தொலைத்தொடர்புகள் ஒழுங்குபடுத்தும் ஆணைக்குழுவின் அங்கீகாரம் இருக்க வேண்டும். அதைக் கேட்டு, பற்றுச்சீட்டைச் சங்கத்தின் பெயரில் எழுதி வாங்குங்கள். தலைவியின் மகன் பெயரில் எழுதினால் பிறகு அது அவருடைய பெட்டியாகிவிடும். எந்த நிறுவனத்து சிம்மையும் ஏற்குமா, ஒன்றுக்கு மட்டும் பூட்டப்பட்டதா என்பதையும் கேளுங்கள்.

இதற்கிடையில் ஒரு சின்னக் கதை. இது ஆண்பிள்ளைகளின் சமாச்சாரம் அல்ல என்று மேலே சொன்னேன் அல்லவா? அலைவரிசை விட்டு அலைவரிசை தாவிச் செய்தி அனுப்பும் ஒரு முறைக்கு 1942இல் அமெரிக்காவில் காப்புரிமை பெற்ற இருவரில் ஒருவர் ஹெடி லாமார் என்ற ஹொலிவூட் நடிகை. அந்தத் தாவும் யோசனை பிற்காலத்துக் கம்பியில்லாத் தொடர்புகளில் பயன்பட்டது. உங்கள் போனில் உள்ள புளூடூத்தும் தாவித் தாவியே பேசுகிறது. பெரிய அறைக்குள் அலை சுவரில் மோதி எதிரொலித்துக் குழம்பும் பிரச்சினையைத் தீர்த்ததில் அவுஸ்திரேலியாவின் சி.எஸ்.ஐ.ஆர்.ஓ விஞ்ஞானிகளுக்குப் பங்குண்டு. அவர்களுக்கு 1996இல் காப்புரிமை கிடைத்தது. காலியான மண்டபத்தில் மைக்கில் பேசினால் எப்படி எதிரொலிக்கும், அதே சிக்கல்தான்.

வாங்கியாகிவிட்டது. எங்கே வைப்பது? என்னைக் கேட்டால் பெட்டியின் விலையைவிட இது முக்கியம். நான் போன இடங்களில் பாதியில் ரவுட்டர் இருப்பது இரும்பு அலுமாரிக்குள். திருட்டுப் பயம். பயம் நியாயமானதுதான், ஆனால் இரும்பு அலுமாரி அலையை அப்படியே அடக்கிவிடும். அதற்குள் ஒரு ரவுட்டரை வைத்துப் பூட்டிவிட்டு "வேகமே இல்லை" என்றால் அது என்ன செய்யும்? மரத்தில் அல்லது பிளாஸ்டிக்கில் காற்றுப் போகும் துளைகளோடு ஒரு சிறு பெட்டி அடித்து, பூட்டுப் போட்டு, நீளமான சுவரின் நடுவில் ஏழடி உயரத்தில் மாட்டுங்கள். மூலையில் வைத்தால் பாதி அலை வெளியே பற்றைக்குப் போகும். உயரம் ஏன் என்றால், மனித உடம்பும் தண்ணீர்தான். முப்பது பேர் நிறைந்த மண்டபத்தில் தலைமட்டத்துக்குக் கீழே வைத்த பெட்டியின் அலையை முன்வரிசைப் பிள்ளைகளே உறிஞ்சிவிடுவார்கள். அதற்காகத் தகரக் கூரைக்கு ஒட்டியும் மாட்டக் கூடாது. தகரம் அலையைத் திருப்பி அடிக்கும், மத்தியானச் சூட்டில் பெட்டியும் வெந்துபோகும். கொம்புகளை நேராக நிமிர்த்தி வையுங்கள். கொம்பின் நுனியிலிருந்து அலை பாய்வதில்லை, பக்கவாட்டில் வட்டமாகப் பரவுகிறது. ஆகவே பிள்ளைகளை நோக்கி நுனியை நீட்டினால் கிடைப்பது குறையும்.

சிம் ரவுட்டர் என்றால் ஒரு சிக்கல் உண்டு. சிக்னல் கிடைப்பது ஓரத்து ஜன்னலில், வைஃபை வேண்டியிருப்பது நடுவில். முன்பு சொன்ன இரண்டு பெட்டி முறை இதற்கும் தீர்வு. சிம் பெட்டியை ஜன்னலருகில் வைத்துக் கம்பி மூலம் நடுவிலுள்ள வைஃபைப் பெட்டியோடு இணையுங்கள். இந்தக் கம்பி 100 மீற்றர் வரை போகும் என்பதால் பக்கத்துப் பிள்ளைமடுவத்துக்கும் இழுக்கலாம். பிளக்கில் செருகும் மலிவான "ரிப்பீட்டர்" ஒன்றைக் கடையில் தலையில் கட்டப் பார்ப்பார்கள். அவற்றில் பல, கேட்டதைத் திருப்பிச் சொல்லவே பாதி நேரத்தைச் செலவழிப்பவை. ஒரே அறைக்கு அது தேவையே இல்லை.

மின்சாரத்துக்குப் பயப்பட வேண்டாம். 10 வாற் பெட்டி இரவு பகலாக ஓடினாலும் மாதத்துக்கு 7 யூனிற் அளவில்தான். மாலையில் நாலு மணித்தியாலம் மட்டும் போட்டால் ஒன்றேகால் யூனிற். 2022 மார்ச் கடைசியில் நாளொன்றுக்கு 13 மணித்தியாலம் வரை மின்வெட்டு இருந்த காலத்தில் 12 வோல்ற் ரவுட்டருக்கான சிறிய யூ.பி.எஸ் பலருக்குக் கைகொடுத்தது. பரீட்சைக் காலத்துக்கு அது ஒன்று இருப்பது நல்லது. மின்னலுக்குத்தான் பயப்பட வேண்டும். சப்ரகமுவவில் சித்திரை மாதத்து மாலைகளும் ஒக்டோபர், நவம்பர் மாலைகளும் எப்படி இருக்கும் என்று உங்களுக்கு நான் சொல்லத் தேவையில்லை. முதல் இடி கேட்டவுடன் மின்சார பிளக்கையும், வெளியிலிருந்து வரும் தொலைபேசிக் கம்பி, அன்ரெனாக் கம்பியையும் கழற்றிவிட வேண்டும். சுவிச்சை அணைத்தால் போதாது. சேர்ஜ் காட் பக்கத்தில் விழும் மின்னலுக்கு ஓரளவு உதவும், நேரடியாக விழுந்தால் அதுவும் கூடவே கருகும். மின்னலில் போன பெட்டிக்கு உத்தரவாதம் செல்லாது என்று கடைகளில் கையை விரித்துவிடுவார்கள். மாலையில் மண்டபத்தைத் திறக்கும் அக்காவிடமே இந்தப் பொறுப்பையும் கொடுங்கள்.

இனி நான் முக்கியமாகச் சொல்ல வந்தது. தூரம் போகும் பெட்டி வேண்டும் என்று கேட்கிறீர்களே, அந்த அலை சுவரோடு நின்றுவிடுமா? நமது மண்டபங்களுக்கு அரைச் சுவரும் கம்பி வலையும்தான். பலமான பெட்டி போட்டால் வெளியே மதகில் இருந்தபடியே நன்றாகப் பிடிக்கலாம். என்ன நடக்கும்? பாஸ்வேர்ட் ஒரு கிழமையில் தோட்டம் முழுக்கப் பரவும். ஆறு மணிக்கெல்லாம் மதகில் பத்துப் பன்னிரண்டு இளைஞர்கள் போனோடு உட்கார்ந்திருப்பார்கள். அவர்கள் ஒன்றும் செய்யாமலே இருக்கலாம். ஆனால் அந்த மதகைத் தாண்டித்தான் சாதாரண தரம் படிக்கும் பெண் பிள்ளை மண்டபத்துக்குள் போக வேண்டும். இரண்டு நாள் போவாள். மூன்றாம் நாள் யாராவது ஒரு பெரியம்மா "அங்க எதுக்கு பொம்பளப் புள்ள போகணும்?" என்பார். நாலாம் நாள் அவள் வீட்டில் இருப்பாள். சமூகவியலில் இதற்குப் பெரிய பெயர்கள் உண்டு. மண்டபத்துக்குள் ஆண் பிள்ளைகள் நிறைந்திருப்பதையும் பெண் பிள்ளைகளின் கதிரைகள் காலியாக இருப்பதையும் பார்ப்பதற்குப் பெயர் ஒன்றும் தேவையில்லை.

இதற்குப் பெட்டியிலேயே ஒரு வழி இருக்கிறது, யாரும் சொல்லித் தருவதில்லை. பல ரவுட்டர்களின் அமைப்புப் பக்கத்தில் அலை வீசும் பலத்தைக் குறைத்து வைக்கும் இடம் உண்டு, வானொலியில் சத்தத்தைக் குறைப்பது மாதிரி. நடுச் சுவரில் மாட்டிப் பலத்தைக் குறைத்து, போனோடு வெளியே நடந்து பாருங்கள். உள்ளே நன்றாகவும் மதகில் மோசமாகவும் பிடிக்கும் அளவில் நிறுத்துங்கள். தூரத்து மெதுவான போன்கள் வரிசையைப் பிடித்துவைக்கும் தொல்லையும் இதோடு குறையும். எந்த நேரத்தில் வைஃபை இயங்க வேண்டும் என்று நேரம் குறிக்கவும் பல பெட்டிகளில் இடம் உண்டு. அவ்விளைஞர்களை எதிரிகளாக நினைக்க வேண்டாம். அவர்களுக்கும் போக இடமில்லை, வேலைக்கு விண்ணப்பிக்கவும் இணையம் வேண்டும். ஞாயிறு பிற்பகலை அவர்களுக்கென்று ஒதுக்கி, விருந்தாளிகளுக்கான தனிப் பெயரும் தனிப் பாஸ்வேர்டும் கொண்ட இணைப்பை அன்று திறந்துவிடலாம்.

பாஸ்வேர்ட் இரண்டு வகை. ஒன்று வைஃபையில் சேர்வதற்கு. மற்றது பெட்டியின் அமைப்பை மாற்றுவதற்கு. கடையிலிருந்து வரும்போது பெட்டியின் அடியில் ஒட்டியிருக்கும் இரண்டையும் அன்றே மாற்ற வேண்டும். பாதுகாப்பு முறையில் டபிள்யூ.பி.ஏ 2 அல்லது 3 இருக்கட்டும், அதற்குக் கீழே வேண்டாம். இரண்டாவது பாஸ்வேர்ட் யாரிடம் இருக்கும் என்பதில்தான் மண்டபம் யாருடையது என்பது இருக்கிறது. வந்து பொருத்திக் கொடுக்கும் தம்பி அதைத் தன்னிடம் வைத்துக்கொண்டு "எது வேணும்னாலும் எனக்கு ஒரு கோல் எடுங்க அக்கா" என்பார். நல்ல மனதோடுதான் சொல்வார். அவர் கொழும்பில் வேலைக்குப் போய்விட்டால் சங்கம் வாசலில் நிற்கும். அவர் இருக்கும்போதே சங்கத்தில் இரண்டு பெண்கள் பக்கத்தில் இருந்து, தங்கள் கையால் ஒரு தடவை செய்து பாருங்கள். பாஸ்வேர்ட் மாற்றுவது, நேரம் குறிப்பது, பலத்தைக் குறைப்பது என மூன்றே வேலை. அரை மணித்தியாலம் போதும். சாதாரண தரம் எழுதிவிட்டு வீட்டில் இருக்கும் ஒரு தங்கச்சியையும் சேர்த்துக்கொண்டால் இன்னும் நல்லது. சீற்றில் எழுதி உறையில் போட்டு ஒட்டி, சங்கத்தின் கூட்ட அறிக்கைப் புத்தகத்தோடு வையுங்கள்.

மண்டபத்துச் சுவரில் 1929 என்ற இலக்கத்தைப் பெரிதாக எழுதி ஒட்டுங்கள். அது சிறுவர் பாதுகாப்பு அதிகார சபையின் இலக்கம். பெண்களுக்கு 1938. இணையம் வரும் இடத்தில் தொல்லையும் வரும். யாராவது ஒரு பிள்ளைக்குத் தகாத படமோ மிரட்டலோ வந்தால் "போனைப் பறி" என்று தொடங்காமல் அந்த இலக்கத்துக்கு எடுக்க வேண்டும். பறித்தால் அடுத்த தடவை பிள்ளை நம்மிடம் சொல்லமாட்டாள். பிரதேச செயலகத்தில் பெண்கள், சிறுவர் விவகாரங்களுக்குப் பொறுப்பான உத்தியோகத்தர்களையும் மண்டபம் திறக்கும் நாளன்று அழைத்துவிடுங்கள், முகம் தெரிந்திருக்கும்.

மண்டபம் தோட்ட நிர்வாகத்துக்குரியது என்றால் புது பிளக் அடிப்பதற்கும் கூரையில் அன்ரெனா வைப்பதற்கும் எழுத்தில் அனுமதி வாங்குங்கள். வாய்ச்சொல் போதாது, துரை மாறுவார். கடிதத்தின் பிரதி ஒன்றையும் பற்றுச்சீட்டையும் அதே புத்தகத்தில் ஒட்டி வையுங்கள்.